அன்னதானக் கூடத்துச் சூரிய மின்சக்தி மற்றும் வெந்நீர்த் திருப்பணி: நிறைவு அறிக்கை

உபயதாரர்களுக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம். பொதுக்குழு தீர்மானித்தபடி, ஏற்காட்டில் உள்ள நம் கோயிலின் அன்னதானக் கூட மேல்தளத்தில் 5 கிலோவாட் சூரிய மின்தகடுகளும், மடப்பள்ளிக்கு 500 லிட்டர் வெந்நீர்க் கலனும் அமைக்கும் பணி இறையருளால் நிறைவெய்தியது. வரவு செலவுக் கணக்கு தணிக்கைக்குப் பின் தனியே அனுப்பப்படும்.

மின்சாரம் கிடைக்கும்போது வெந்நீருக்குத் தனி அமைப்பு எதற்கு என்று உறுப்பினர் பலர் கேட்டனர். மேலே விழும் வெயிலில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கையே இன்றைய தகடுகள் மின்சாரமாக்குகின்றன. வெயிலை வெப்பமாகவே வாங்கிக்கொள்ளும் குழாய்களோ, நல்ல வெயிலில் பாதிக்கு மேல் தண்ணீரில் சேர்த்துவிடுகின்றன. வேண்டியது சூடு என்னும்போது, அதை மின்சாரமாக்கி மறுபடி சூடாக்குவது வீண் என்றே குழு கருதியது. ஒவ்வொரு குழாயும் இரட்டைச் சுவர் கொண்ட கண்ணாடியால் ஆனது. இரு சுவர்களுக்கும் இடையே காற்று நீக்கப்பட்டிருப்பதால், உட்சுவரின் கரும்பூச்சு ஈர்த்த சூடு வெளியேற வழியில்லை. நண்பகலில் வெளிக்கண்ணாடியைத் தொட்டால் சில்லென்றிருக்க, உள்ளிருக்கும் நீரில் கை வைக்க முடிவதில்லை. சூடான நீர் இலேசாகித் தானே கலனுக்கு ஏற, குளிர்ந்த நீர் கீழிறங்குவதால் மோட்டார் தேவைப்படவில்லை. கலனுக்குக் கனத்த காப்புறை இருப்பதால், மார்கழி விடியலில் திருப்பள்ளியெழுச்சிக்கு முன்பே மடப்பள்ளியார்க்கு முந்தைய நாள் வெயிலின் வெந்நீர் கிடைக்கும்.

மின்தகட்டில் உள்ளவை சிலிக்கான் சில்லுகள். ஒரு பக்கம் பாஸ்பரஸும் மறுபக்கம் போரானும் சிறிதளவு கலந்திருப்பதால் அவை சந்திக்கும் இடத்தில் ஒரு மின்புலம் உண்டாகிறது; ஒளி பட்டு விடுபடும் எலக்ட்ரான்களை அப்புலம் ஒரே திசையில் தள்ள, மேற்பரப்பில் ஓடும் மெல்லிய வெள்ளிக் கோடுகள் அவற்றைத் திரட்டுகின்றன. ஒரு சில்லு தருவது அரை வோல்ட் அளவே என்பதால் பல சில்லுகள் தொடராகக் கோக்கப்பட்டுள்ளன. வரும் நேர்மின்னோட்டத்தை இன்வெர்ட்டர் 230 வோல்ட் மாறுமின்னோட்டமாக்குகிறது. தொடராக இருப்பதால் ஓரிடத்து நிழலும் முழு வரிசையைப் பாதிக்கும். காலையில் சில்வர் ஓக் மரத்தின் நிழல் ஒரு தகட்டின் ஓரத்தில் விழுந்தபோதே வரிசையின் உற்பத்தி இறங்கியதை மீட்டரில் கண்டு, அப்பக்கத்துக் கிளைகளைக் கழித்தோம்.

தகடுகள் தெற்கு நோக்கி, நம் அட்சரேகைக்கு ஏற்ப 12 டிகிரி சாய்வில் உள்ளன. மூடுபனி நாட்களில் உற்பத்தி குறையும் என்பது உண்மையே. ஆயினும், தகட்டின் சூடு 25 டிகிரிக்கு மேல் ஏறும் ஒவ்வொரு டிகிரிக்கும் அதன் திறன் 0.3 முதல் 0.4 சதவீதம் வரை குறைவதால், வெயில் தெளிந்த நாளில் சேலத்து மொட்டை மாடியைவிட மலைக்குளிர்ச்சி நமக்குச் சாதகமே.

உறுப்பினர்கள் கவனத்தில் கொள்ள வேண்டியது ஒன்று: மின்தடை நேரும்போது, வெயில் காய்ந்தாலும், இன்வெர்ட்டர் தானே நின்றுவிடும். கம்பத்தில் பழுது பார்க்கும் ஊழியரை நம் மின்சாரம் தாக்கிவிடாதிருக்கவே இந்த ஏற்பாடு. இதைப் பழுதென எண்ண வேண்டாம். சன்னதி விளக்குகளுக்கு மட்டும் தனி பேட்டரி வைத்துள்ளோம். பகலில் மிகும் மின்சாரம் நெட் மீட்டர் வழியாக மின்வாரியத்துக்குச் சென்று கணக்கில் கழிக்கப்படும்.

தகடுகளை வெயில் ஏறும் முன் வெறும் தண்ணீரால் மட்டுமே கழுவ வேண்டும். சூடேறிய கண்ணாடியில் குளிர்நீர் ஊற்றக் கூடாது. மேல்தளச் சாவி கோயில் அலுவலகத்தில் உள்ளது.

திருப்பணிக் குழுவினர்