ராதகோந்த் என்று ஒரு பேத்தி

அன்புள்ள சறோ,

நலம். நீயும் நலமென்று மச்சாள் சொன்னாள். உன் முழங்கால் அவள் வர்ணிக்கும் அளவுக்கு மோசமில்லை என்று நம்புகிறேன். மாசியில் நீ எழுதியதற்கு இன்னும் பதில் போடவில்லை. சாட்டுச் சொல்லத் தொடங்கினால் நீ பூசணிக்காய்க் கதையை எடுப்பாய், ஆகவே நேரே விஷயத்துக்கு வருகிறேன்.

எனக்குப் பேத்தி பிறந்திருக்கிறாள். தாயும் பிள்ளையும் சுகம். தலை நிறைய மயிர். மூக்கு எங்கள் ஐயாவின் மூக்கு, பாவம்.

பெயர் ராதகோந்த்.

சிரித்து முடி, காத்திருக்கிறேன்.

மச்சாள் நாளையோ மறுநாளோ உன் வீட்டுப் படலையைத் திறந்துகொண்டு வருவாள். "வெள்ளைக்காரி எங்கள் பிள்ளைக்கு என்ன பெயர் வைத்திருக்கிறாள் தெரியுமா?" என்று தொடங்கி, தேநீர் ஆறும்வரை அழுவாள். அதற்கு முன் என் பக்கத்தை நீ கேட்டுவிட வேண்டும். அதனால்தான் இதைக் கையால் எழுதிப் படமெடுத்து அனுப்புகிறேன். தபாலை நம்பினால் அவள் முந்திவிடுவாள்.

முதலில் ஒன்று தெரிந்துகொள். இது இங்கே பிரான்சில் நாகரிகமான பெயர் அல்ல. எந்த வகுப்பறையில் கூப்பிட்டாலும் லூயிஸ், ஜாட், எம்மா என்று நான்கைந்து பிள்ளைகள் திரும்பிப் பார்ப்பார்கள். ராதகோந்த் என்று கூப்பிட்டால் ஒருவரும் திரும்பமாட்டார்கள். ஆசிரியர்தான் ஒருமுறை பட்டியலைத் திரும்பப் பார்ப்பார். 'கோந்த்' என்று முடியும் பெயர்களைக் கேட்டாலே பிரெஞ்சுக்காரருக்குச் சிரிப்பு வரும். வோல்தேர் 1759-இல் எழுதிய 'காந்தித்' கதையின் நாயகி குனெகோந்த் செய்த வேலை அது. அதற்கு முன்னால் ஃபிரெதெகோந்த் என்று ஓர் அரசி இருந்தாள்; அவள் ஆளனுப்பிக் கொல்லுவித்தவர்களின் பட்டியலைப் பள்ளிப் பிள்ளைகள் மனப்பாடம் செய்த காலமும் உண்டு. இப்படிப்பட்ட கூட்டத்தில் எங்கள் குஞ்சு.

மச்சாளின் குறை வேறு. பிள்ளை திருவாதிரை நட்சத்திரம், ஆகவே 'கு'வில் தொடங்க வேண்டுமாம். தொலைபேசியில் மூச்சுவிடாமல் சொன்னாள். அப்படியானால் குனெகோந்த் என்று வைக்கிறோம், முதலெழுத்துப் பொருந்துகிறது என்றேன். வைத்துவிட்டாள், பெயரை அல்ல, தொலைபேசியை.

பெயரைக் கேட்டது மருமகள். அவளை வளர்த்தது அவளுடைய அம்மம்மா. புவாத்தியே நகரத்துக்குப் பக்கத்துக் கிராமத்துக்காரி, ஆகஸ்ட் 13 அன்று பிறந்தவள். அது புனித ராதகோந்தின் நினைவு நாள். அந்தக் காலத்தில் அந்தப் பகுதியில் பிள்ளைக்குப் பெயர் தேட வேண்டியதில்லை, நாட்காட்டியைப் புரட்டினால் போதும். அந்தக் கிழவிக்கும் தன் பெயர் பிடிக்காது, ஊரில் எல்லாரையும் 'கோந்த்' என்றே கூப்பிடவைத்தாளாம். சம்பந்தி அம்மா அதைச் சொல்லிச் சொல்லித்தான் எதிர்த்தார். "என் அம்மா எண்பது வருடம் சுமந்தது போதாதா?" என்று கேட்டபோது எனக்கும் பதில் வரவில்லை.

இங்கே பிள்ளை பிறந்து 5 நாட்களுக்குள் நகரசபையில் பதிய வேண்டும். முப்பத்தொன்று வரை பொறுத்திருந்து ஆறுதலாகப் பெயர் வைக்கிற கதையே இல்லை. ஒரு காலத்தில் இன்னும் இறுக்கமாக இருந்தது. நெப்போலியன் காலத்தில், 1803-இல் போட்ட சட்டம், நாட்காட்டிகளில் வழங்கும் பெயர்களையும் பழைய வரலாற்றில் அறியப்பட்டவர்களின் பெயர்களையும் தவிர வேறெதையும் பதியக்கூடாது என்றது. 1993-இல்தான் பெற்றோருக்கு விடுதலை கிடைத்தது. இப்போது, பெயர் பிள்ளைக்குக் கேடு என்று தோன்றினால் பதிவாளர் அரச வழக்கறிஞருக்கு அறிவிக்கலாம், அவ்வளவுதான். சம்பந்தி அம்மா அதைத்தான் கடைசியாக நம்பியிருந்தார். ஆனால் ராதகோந்த் அரசியாகவும் இருந்தவள், புனிதையாகவும் ஆனவள். எந்தப் பதிவாளர் வாய் திறப்பார்?

இவர்தான் என்னை அசைத்தார். இவர் எப்போதும் போல ஒன்றும் பேசாமல் இருந்துவிட்டு, இரவு பாத்திரம் துடைத்துக்கொண்டே கேட்டார்: "அந்தப் பெயருக்கு என்ன அர்த்தம் என்று மகனிடம் கேட்டாயா?" பழைய ஜெர்மானிய மொழியில் முதற்பாதி ஆலோசனை, பிற்பாதி போர். "சண்டைக்குத் தப்பி ஓடிவந்த வீட்டில் சண்டை என்று பெயர் வைப்பதா?" என்றார். அதற்குமேல் அவர் பேசவில்லை. நீ அறிவாய், அவர் அதைப் பற்றிப் பேசினதே குறைவு.

அதற்குப் பிறகு எனக்குத் தூக்கம் வரவில்லை, சறோ. மகன் வீட்டு அலுமாரியில் இருந்ததையெல்லாம் எடுத்து வாசித்தேன். மருமகளும் பிள்ளைக்குப் பால் கொடுத்துக்கொண்டே சொன்னாள். இனி எழுதப்போவது நீளம். கண்ணாடியைத் தேடி எடு.

அவள் துயரிங்கியா நாட்டு அரசனின் மகள், இப்போதைய ஜெர்மனியின் நடுப்பகுதி. தகப்பனைக் கொன்றது வேறு யாருமல்ல, தகப்பனின் சொந்தச் சகோதரன். கொன்றவனுடைய வீட்டிலேயே அவள் வளர்ந்தாள். 531-இல் பிராங்கியர் படையெடுத்து வந்து அந்த நாட்டை அழித்தார்கள். கொள்ளையைப் பங்குபோட்டபோது இவள் குளோத்தர் என்ற அரசனின் பங்குக்கு விழுந்தாள். அப்போது அவளுக்குப் பதினொன்றோ பன்னிரண்டோ இருக்கும். வடபிரான்சில் அத்தி என்ற ஊரில் வைத்து, படிப்பும் கொடுத்து வளர்த்துப் பிறகு அவனே கட்டிக்கொண்டான். அவனுக்கு அவள் முதல் மனைவியுமல்ல, ஒரே மனைவியுமல்ல. விருந்து நேரத்தில் அவள் எழுந்து செபிக்கப் போய்விடுவாள். இரவில் கட்டிலை விட்டிறங்கி வெறும் நிலத்தில் கிடப்பாள். அரசி என்று நினைத்துக் கன்னியாஸ்திரியைக் கட்டிவிட்டேன் என்று அவன் புலம்பினானாம். எனக்கு அந்த ஆளில் துளியும் இரக்கம் வரவில்லை.

அவளுடைய தம்பியும் அவளோடு பிடிபட்டு வந்தவன். 550 அளவில் குளோத்தர் அவனையும் கொல்லுவித்தான். அதோடு அவள் அரண்மனையை விட்டு இறங்கினாள். நுவாயோன் நகரத்து ஆயர் மெதாரிடம் போய், என்னைத் துறவியாக்கு என்றாள். அரசனுக்குப் பயந்து அவர் தயங்க, அவளே போய்த் துறவிக்குரிய உடையை உடுத்திக்கொண்டு பீடத்துக்கு முன் வந்து நின்று, நீ கடவுளை விட மனிதனுக்கா பயப்படுகிறாய் என்று கேட்டிருக்கிறாள். எங்கள் கணக்கு டீச்சரின் குரலில்தான் அது எனக்குக் கேட்டது.

அரசன் ஆள்விட்டுத் துரத்தியபோது, ஓட்ஸ் விதைத்துக்கொண்டிருந்த ஒரு குடியானவனிடம், "நீ விதைத்த பிறகு இந்த வழியால் ஒருவரும் போகவில்லை என்று சொல்" என்றாளாம். அவர்கள் வந்து சேர்வதற்குள் பயிர் ஆளுயரம் வளர்ந்து அவளை மறைத்துவிட்டதாம். அவன் பொய்யும் சொல்லவில்லை, அவளும் அகப்படவில்லை. புவாத்தியேக்காரர் இதையும் சொல்வார்கள். மடத்தின் நிலவறையில் இருந்து கன்னியாஸ்திரிகளைத் தின்ற கிராங்கூல் என்ற பறவை நாகத்தை அவள் விரட்டிய கதையையும் சொல்வார்கள். அந்த நாகத்துக்கு 1677-இல் மரத்தில் செய்த உருவம் இன்னும் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. ஊர்வலத்தில் அதன் வாய்க்குள் பணியாரம் எறிந்து விளையாடுவார்களாம். பேத்தி நடக்கத் தொடங்கியதும் அங்கேதான் முதலில் கூட்டிப்போவேன்.

பிறகு புவாத்தியேயில் மடம் தொடங்கினாள். தலைவி பதவியைத் தானே எடுக்காமல் ஆக்னெஸ் என்ற இளம்பெண்ணிடம் கொடுத்துவிட்டு, மற்றவர்களோடு தானும் ஒருத்தியாய்ச் சமையலும் கூட்டலும் செய்தாள். அந்த மடத்து விதி என்ன தெரியுமா? உள்ளே வருகிற எல்லாப் பெண்களும் எழுத்துப் படிக்க வேண்டும், ஒவ்வொரு நாளும் 2 மணிநேரம் வாசிக்க வேண்டும். ஆறாம் நூற்றாண்டில்! அவள் புத்தகம் வைத்து வாசித்ததாகச் சொல்லும் சின்ன மரச் சாய்வுப்பலகை இன்னும் இருக்கிறது: நடுவில் ஓர் ஆட்டுக்குட்டி, மூலைகளில் நான்கு சுவிசேஷகர்களின் அடையாளங்கள். பிற்காலத்தில் அவளுடைய வாழ்க்கையை எழுதிய இருவரில் ஒருத்தி, அந்த மடத்திலேயே வளர்ந்த பௌதோனிவியா.

மற்றவர் ஃபோர்த்துனாத்தூஸ் என்ற இத்தாலியக் கவிஞர். சாப்பாட்டுப் பிரியர். மடத்திலிருந்து முட்டையும் பாலும் பழமும் போகும். அவர் ஒவ்வொன்றுக்கும் ஒரு கவிதை எழுதி நன்றி சொல்வார். பதிலுக்குத் தன் கையால் முடைந்த கூடையில் செஸ்நட் போட்டு அனுப்பினார். உன் தமையனுக்கும் இந்தக் குணம்தானே, கவிதை மட்டும்தான் குறை.

இப்போது நான் சொல்லவந்த இடத்துக்கு வருகிறேன்.

அந்தக் கவிஞரின் தொகுப்பில், ராதகோந்தின் வாயால் சொல்லப்படும் நீண்ட இலத்தீன் பாட்டொன்று இருக்கிறது, 170 வரிகளுக்கு மேல். அவர் எழுதினாரா, அவளே எழுதினாளா என்று அறிஞர்கள் இன்னும் வாதாடுகிறார்கள். நான் அவளே எழுதினாள் என்கிற கட்சி. அது ஒரு கடிதம். எழுதப்பட்டது அவளுடைய ஒன்றுவிட்ட சகோதரன் அமலஃபிரிதுக்கு. சின்ன வயதில் ஒரே வீட்டில் ஒன்றாக வளர்ந்தவர்கள். நாடு அழிந்தபோது அவன் தப்பி இத்தாலிக்குப் போய், பிறகு கொன்ஸ்தாந்திநோபிளுக்குக் கொண்டுபோகப்பட்டு, அங்கே பேரரசனின் படையில் சேர்ந்துவிட்டான். இவள் இங்கே மடத்துச் சுவருக்குள்.

எழுதும்போது அவளுக்கு ஐம்பது வயதுக்கு அருகில், நாடு அழிந்து ஏறக்குறைய நாற்பது வருடம். ஆனால் எல்லாம் நேற்று நடந்ததுபோல் இருக்கிறது. புருஷனுடைய இரத்தத்தில் வெறுங்காலோடு நடந்துபோன பெண்ணைப் பற்றிச் சொல்கிறாள். கிடக்கிற தம்பியைத் தாண்டி ஒரு தமக்கை போகிறாள், நின்று அழ விடவில்லை. புதைக்க ஆளில்லாத உடல்கள். இதை நான் உனக்கு விளக்க வேண்டியதில்லை.

பிறகு, அவ்வளவையும் சொன்னவள், அவனோடு சண்டைக்கு நிற்கிறாள்: ஏன் ஒரு கடிதம்கூடப் போடவில்லை? முகம் பார்க்கக் கிடைக்காதவளுக்கு எழுத்தாவது முகமாக வந்திருக்குமே. மடத்துச் சுவர் தடுக்காவிட்டால் புயலென்றும் பாராமல் கடல் தாண்டி வந்திருப்பேன். இப்படியே போகிறது. அவன் பதில் எழுதவில்லை, இறந்துபோனான். பின்னர் இன்னொரு உறவினனுக்கு எழுதிய பாட்டில், கடிதத்தை எதிர்பார்த்திருந்த தனக்குப் பட்டும் மரணச் செய்தியும் வந்ததாகச் சொல்கிறாள்.

அதை வாசித்துவிட்டுச் சமையலறையில் உட்கார்ந்திருந்தேன். வன்னியிலிருந்து வராமற்போன கடிதங்களைப் பற்றி நினைத்தேன். யாருடையவை என்று நீ அறிவாய்.

விடிந்ததும் இவரிடம் சொன்னேன்: பெயரில் போர் இருக்கிறது, உண்மைதான். அது அவள் கேட்டு வந்ததா? அவளுடைய தகப்பன் வீட்டில் ஆசையாக வைத்த பெயர், பிறகு போரே வந்து அவளைத் தூக்கிக்கொண்டு போனது. அதற்குப் பின் அவள் ஒருவரையும் கொல்லவில்லை. பிராங்கிய அரசர்கள் ஒருவரையொருவர் வெட்டிக்கொண்டபோதெல்லாம் எல்லாருக்கும் கடிதம் எழுதிச் சமாதானம் கேட்டுக்கொண்டிருந்தாள். இன்னும் ஒன்றும் சொன்னேன். ஆஸ்திரியாவில் சங்க்ட் ராதகுந்த் என்று அவள் பெயரில் ஒரு கிராமம் இருக்கிறது; ஃபிரான்ஸ் யேகர்ஸ்டேட்டர் என்ற குடியானவன் அந்த ஊர்க்காரன். ஹிட்லருக்காகச் சண்டை பிடிக்கமாட்டேன் என்று மறுத்து, 1943-இல் தலை வெட்டப்பட்டான். இவர் துவாயை மடித்து வைத்துவிட்டு, "சரி, பதியட்டும்" என்றார்.

பதிந்தாயிற்று. இரண்டாம் பெயர் குமுதா, மச்சாளின் 'கு'வுக்காக. இரண்டாம் பெயரை இங்கே கடவுச்சீட்டைத் தவிர வேறெங்கும் ஒருவரும் பார்ப்பதில்லை என்பதை அவளிடம் சொல்லிவிடாதே. வீட்டில் இவர் அதற்குள் ராதா என்று கூப்பிடத் தொடங்கிவிட்டார். மருமகளுக்கும் அது பிடித்திருக்கிறது. சம்பந்தி அம்மா மட்டும் 'குட்டி' என்று சொல்லிச் சமாளிக்கிறார்.

ஆனால் எனக்குப் பயம் இல்லையென்று நினைக்காதே. பள்ளிக்கூட முற்றத்தில் பிள்ளைகள் விடமாட்டார்கள். ஏற்கெனவே எங்கள் குடும்பப் பெயரே பதினாறு எழுத்து, ஒரு படிவத்திலும் அடங்காது. இப்போது முன்னாலும் ஒரு பாரம். மருமகள் சிரித்துக்கொண்டு, அவள் சமாளிப்பாள் என்கிறாள். அவள் பொன்னிற முடியோடு இந்த ஊரில் பிறந்து வளர்ந்தவள், அவளுக்கு அப்படித் தோன்றும். இதை அவளிடம் சொல்லவில்லை, உன்னிடம்தான் சொல்கிறேன்.

ஆவணியில் ஊருக்கு வர யோசித்திருந்தோம். இனி அடுத்த வருடம்தான், பிள்ளையோடு. அதுவரைக்கும் யாராவது இந்தப் பக்கம் வந்தால் ஒடியல் மாவும் கொஞ்சம் சரக்குத்தூளும் கொடுத்துவிடு. பத்தியச் சாப்பாட்டுக்கு இங்கே விற்கிற தூள் சரிவராது. மருமகள் மீன் சரக்குக் கறியை இரண்டு கோப்பை வாங்கிக் குடித்தாள் என்று மச்சாளிடம் கட்டாயம் சொல். டாக்டர் சொன்ன மாத்திரையை ஒழுங்காகப் போடுகிறாயா? பிள்ளையின் படம் இதோடு வருகிறது. மூக்கைப் பார்த்துவிட்டு எழுது.

அன்புடன்,
மலர்