எங்கள் இருவருக்கும் நடுவில் பேசியவர்களுக்கு

எங்கள் லைன் வீட்டுக்காரர்களுக்கும், கம்பெனியில் கூட வேலை செய்கிறவர்களுக்கும், பள்ளிக்கூடத்து ஆசிரியர்களுக்கும் வணக்கம்.

என் மகனுக்குக் கோவையில் பொறியியல் கல்லூரியில் இடம் கிடைத்து, ஹாஸ்டலில் சேர்த்துவிட்டு வந்தேன். நேரில் நன்றி சொன்னால் "அட விடுங்க" என்று பேச்சை மாற்றிவிடுவீர்கள். அதனால்தான் எழுதுகிறேன்.

எங்கள் வீட்டில் பேச்சு குறைவு என்பது உங்களுக்கே தெரியும். திருப்பூர் பனியன் கம்பெனியில் ஒன்றரை ஷிப்ட் முடித்து வருகிற அம்மாவும் பிளஸ் டூ படிக்கிற பையனும் அப்படி என்ன பேசிக்கொள்ள முடியும்? நான் வரும்போது சோறு வடித்து வைத்திருப்பான். தண்ணீர் விடுகிற நாளில், ராத்திரி எத்தனை மணியானாலும் அவனே எழுந்து குடங்களை நிரப்புவான். "சாப்பிட்டியா கண்ணு" என்றால் "ம்" என்பான். அவ்வளவுதான். அவன் மனதில் இருந்ததை எனக்குச் சொன்னதெல்லாம் நீங்கள்தான்.

முதலில், கம்பெனியில் பவர் டேபிள் தையல் மெஷின் ஓட்டுகிற அண்ணனுக்கு. பரீட்சை முடிந்த கையோடு அவரிடம் போய், "தைக்கிறவங்களுக்குத் துணி மடிச்சுக் கொடுக்கிற கைமடி வேலை வாங்கிக் கொடுங்க மாமா, அம்மா ராத்திரி வேலையை நிறுத்தட்டும். அம்மாகிட்ட சொல்லிடாதீங்க" என்றிருக்கிறான். மாமா வேலையும் வாங்கித் தரவில்லை, ரகசியத்தையும் காப்பாற்றவில்லை. நல்லதாகப் போயிற்று. சனிக்கிழமை சம்பளத்துக்கு நிற்கும்போது அண்ணன் இதைச் சொன்னார். வாங்கிய காசை எண்ணக் கை ஓடவில்லை எனக்கு.

கணக்கு சார், ஆறாவதிலிருந்து அரசுப் பள்ளியில் படித்தவர்களுக்கு 7.5 சதவீத ஒதுக்கீடு இருக்கிறது, அதில் இடம் கிடைத்தால் படிப்புக் கட்டணமும் விடுதிக் கட்டணமும் அரசே கட்டும், தமிழ்ப் புதல்வன் திட்டத்தில் மாதம் 1000 ரூபாயும் வரும் என்று எங்கள் வாசல்படியில் உட்கார்ந்து விளக்கினீர்கள். இதையெல்லாம் அவனிடம் முன்பே சொல்லியிருந்தீர்களாம். "நான் சொன்னா அம்மா நம்பமாட்டாங்க, நீங்களே வந்து சொல்லுங்க சார்" என்றானாம். என்னைச் சரியாகத்தான் தெரிந்து வைத்திருக்கிறான்.

முதல் பட்டதாரிச் சான்றுக்கு விண்ணப்பித்துக் கொடுத்த இ-சேவை மையத்துத் தங்கைக்கும், பெட்டி கொடுத்த, கம்பெனியில் ஓவர்லாக் மெஷினில் தைக்கிற அக்காவுக்கும் நன்றி.

அப்புறம் வீட்டுக்கார அம்மா. ஓர் அலுவலகத்தில் "அப்பா வரலையா?" என்று எல்லோர் முன்னாலும் கேட்டபோது, பையன் தலை குனிவதற்குள் "நான் வந்திருக்கேன், என்னைக் கேளுங்க" என்று முன்னால் போய் நின்றீர்கள். வாடகை தள்ளிப்போனபோது வாய் திறக்காமல் இருந்ததற்கும் சேர்த்து நன்றி அம்மா.

இப்போது தினமும் போன் பண்ணுகிறான். சாப்பிட்டேன், தூங்கப் போகிறேன், வைக்கட்டுமா, அவ்வளவுதான். மீதியை உங்களில் யாரிடமாவது சொல்வான். சொன்னால் மறைக்காமல் என்னிடமும் சொல்லிவிடுங்கள்.