திரைப்படச் சங்கம்: செயலாளரின் ஆண்டறிக்கை

தலைவருக்கும் செயற்குழுவினருக்கும், வருகை தந்துள்ள உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

மாதாந்திரத் திரையிடல்கள் வழக்கம்போல் நடைபெற்றன. குறும்படப் பயிலரங்கு மழை காரணமாகத் தள்ளி நடத்தப்பட்டது.

எனது முன்மொழிவின்பேரில் நடைபெற்ற ‘திரையில் பிரெஞ்சு எழுத்தாளர்கள்’ தொடரை, “இது யாருக்காக?” என்று சென்ற கூட்டத்தில் கேட்கப்பட்டதால், சற்று விரிவாகவே பதிவு செய்கிறேன். எழுதுபவரின் மேசையையும் பேனாவையும் எவ்வளவு நேரம்தான் காட்டுவது? ஆக்ஸ்ஃபோர்டில் பிரெஞ்சும் ஜெர்மனும் பயின்ற கிறிஸ்டோபர் ஹாம்ப்டன், 1968இல் லண்டன் ராயல் கோர்ட் அரங்கில் மேடையேறிய தம் ‘டோட்டல் எக்லிப்ஸ்’ நாடகத்தை, அக்னியெஷ்கா ஹோலண்ட் இயக்கிய 1995ஆம் ஆண்டுப் படத்துக்காகத் தாமே திரைக்கதையாக்கியபோது, பிரெஞ்சுக் கவிஞர்களான ரேம்போவும் வெர்லேனும் எழுதுவதைவிடச் சண்டையிடுவதையே முன்னிறுத்தினார். 1873 ஜூலையில் பிரஸ்ஸல்ஸில் வெர்லேன் சுட்டதில் ரேம்போவின் மணிக்கட்டில் குண்டு பாய்ந்தது. சுட்டவருக்கு இரண்டாண்டுச் சிறை. படத்தில் நீதிபதி வேடமேற்றிருப்பவர் ஹாம்ப்டனே என்பது கூடுதல் சுவை. “கவிதையே இல்லையே” என்று இடைவேளையில் எழுந்து சென்ற அன்பர்கள், இருபதுகளின் தொடக்கத்திலேயே கவிதையைக் கைவிட்ட ரேம்போ, காலை இழந்து, 37ஆம் வயதில் மார்செயில் மடிவதையும் இருந்து பார்த்திருக்கலாம்.

பிரெஞ்சு எழுத்தாளர் கொலெத்தைப் பற்றிய ‘கொலெத்’ (2018) படத்தில், மனைவியான அவர் எழுதும் நாவல்களைத் தம் பெயரில் வெளியிடும் வில்லி, அவரை அறைக்குள் வைத்துப் பூட்டியதும், பின்வரிசையில் ஒரு பெண்மணி “அடப்பாவி!” என்றார். அதைவிடச் சிறந்த விமர்சனம் எழுத என்னால் இயலாது. அச்சொல் முன்வரிசை வரை தெளிவாகக் கேட்கும் அளவுக்கு அரங்கு காலியாக இருந்தது என்பதையும் குறிப்பிட வேண்டியுள்ளது. ஆண்டுக்கூட்டச் சிற்றுண்டிக்குத் தவறாமல் வருவோரில் சிலரை ஆண்டு முழுவதும் வேறெங்கும் காண முடியவில்லை.

கணக்கைப் பொருளாளர் சமர்ப்பிப்பார். சுருங்கக் கூறின், செலவு வரவைச் சற்று விஞ்சியுள்ளது. நிலுவைச் சந்தாக்கள் வந்திருந்தால் அந்தச் ‘சற்று’ இருந்திராது.

அரங்கு அளித்தவர்களுக்கும் ஒளிப்படக்கருவி இயக்கிய தம்பிக்கும் நன்றி.

வரும் ஆண்டில், சிறந்த படத்துக்கான ஆஸ்கர் பெற்ற ‘தி லைஃப் ஆஃப் எமில் ஸோலா’வை (1937) திரையிட விரும்புகிறேன். யூதரான பிரெஞ்சு ராணுவ அதிகாரி திரேஃபுஸ்மீது பொய்யாகச் சுமத்தப்பட்ட தேசத்துரோக வழக்கை நடுநாயகமாகக் கொண்டும், ‘யூதர்’ என்ற சொல்லை எவரும் உச்சரிக்காத அப்படம் நம்மிடையே நல்லதொரு விவாதத்தைக் கிளப்பும். உரிமைக் கட்டணத்தை முன்கூட்டியே செலுத்த வேண்டியிருப்பதால், ரசீதுப் புத்தகம் இன்று சிற்றுண்டி மேசையருகிலேயே வைக்கப்பட்டுள்ளது.

இங்ஙனம்,
செயலாளர்