சைக்கிளுக்கு இடமில்லாத யாழ்ப்பாணம்

யாழ்ப்பாணம்.

அன்பு மச்சான்,

கடிதம் கிடைச்சது. மகளுக்குப் பேறு சுகமாய் முடிஞ்சதெண்டு அறிஞ்சு வலு சந்தோசம். இஞ்ச நாங்களும் சுகம். மனுசிக்கு முழங்கால் நோ மட்டும் விட்டபாடில்லை.

ஊர்ப் புதினம் கேட்டிருந்தாய். இப்ப புதினமெண்டால் வாகனம்தான். 2020 பங்குனியில நிப்பாட்டின கார் இறக்குமதியை 2025 மாசியில திறந்துவிட்டாங்கள். பிறகென்ன, லீசிங்கில எடுத்த புதுக் கார் ஒழுங்கைக்கு ஒண்டு.

முந்தநாள் எங்கட ஒழுங்கையில ஒரு காரும் ஒரு சின்னப் பட்டா லொறியும் முகத்துக்கு முகம். ரெண்டு பேரும் பின்னுக்கு எடுக்கமாட்டினமாம். நடுவில மீன்காரர், பெட்டி கட்டின சைக்கிளோட மதிலில ஒட்டிக்கொண்டு நிக்கிறார். பெட்டியால ஐஸ் தண்ணி ஒழுகுது. கார்க்காரப் பெடியன் கண்ணாடியை இறக்கி, "அண்ணை, பெட்டியைத் தள்ளிப் பிடியுங்கோ, கீறப்போகுது" எண்டான். எங்க தள்ளுறது? முந்திக் கிடுகுவேலி, சாய்ஞ்சால் வளைஞ்சு குடுக்கும். இப்ப ரெண்டு பக்கமும் மதில்.

பெடியனைப் பேசவும் மனம் வரேல்லை. சண்டைக்காலத்துப் பொருளாதாரத் தடைக்குள்ள கொப்பற்ர ஒஸ்ரின் காருக்குக் காபரேற்றரில ரெண்டு சொட்டுப் பெற்றோல் விட்டு ஸ்ராட் பண்ணி, மண்ணெண்ணெயில ஓடின சனம் நாங்கள். அந்த ஏக்கம் லேசில தீராது. ஆனால் அப்ப எங்களைக் காப்பாற்றினது சைக்கிள். 2022இல பெற்றோல் தட்டுப்பாட்டில கியூஆர் பங்கீடு வந்த நேரமும் அதைத்தான் தூசி தட்டி எடுத்தம். இப்ப அதுக்குத்தான் றோட்டில இடமில்லை. ரியூசனுக்குப் போற பிள்ளையள் சோடி சோடியாய்க் கதைச்சுக்கொண்டு போறது ஞாபகமோ? இப்ப ஒண்டுக்குப் பின்னால ஒண்டு, கான் ஓரத்தோட, வாய் திறக்காமல் மிதிக்குதுகள்.

நல்லூர்த் திருவிழா 25 நாளும் கோயிலைச் சுற்றி றோட்டை மறிக்கினம். எல்லாரும் வாகனத்தைத் தூர விட்டிட்டு நடந்துதானே வருகினம்? ரவுணில நகைக்கடையள் இருக்கிற கஸ்தூரியார் வீதியையும் சனிக்கிழமை பின்னேரமெண்டாலும் அப்பிடி மறிச்சால் என்னவெண்டு கேட்டன். பக்கத்தில நிண்ட நகைக்கடைக்காரர் அடிக்காத குறை.

ஆவணியில வாறன், ஹயஸ் வான் பிடிக்கப்போறன் எண்டு எழுதியிருக்கிறாய். பிடி. ஆனால் எங்கட ஒழுங்கைக்குள்ள அது திரும்பாது. சந்தியில இறங்கு, நான் சைக்கிளோட வந்து நிப்பன். கரியரில ஒரு சூட்கேஸ்தான் கட்டலாம், பாத்துக் கொண்டா.

அன்புடன்,
உன்ர கூட்டாளி