உத்தரவுக்குப் பிறகு யார் பார்ப்பது?

ஆசிரியருக்கு வணக்கம்.

அனுமதியில்லாக் கட்டடங்களுக்கு எதிராக உயர் நீதிமன்றம் போகிறவருக்குப் பெரும்பாலும் கிடைப்பது, அவரது புகார் மனுவை மாநகராட்சி இத்தனை வாரத்துக்குள் பரிசீலிக்க வேண்டும் என்ற உத்தரவுதான். வழக்கு அத்தோடு முடிகிறது, கட்டடம் மேலே போகிறது. செவ்வாய்ப்பேட்டை போன்ற நெருக்கமான தெருக்களில் பக்கவாட்டு இடத்தை விழுங்கி ஒரு மாடி ஏறினால் அடுத்த வீட்டுக்கு வெளிச்சம் போச்சு.

சட்டத்தில் குறையில்லை. 1971-ஆம் ஆண்டு நகர் ஊரமைப்புச் சட்டத்தின் 56, 57-ஆவது பிரிவுகள் நடவடிக்கை எடுக்க அதிகாரம் தருகின்றன. நோட்டீஸும் போகும். உடனே உரிமையாளர் 80-ஏ பிரிவின்கீழ் அரசிடம் மேல்முறையீடு செய்வார். கோப்பு சென்னையில் உறங்கும். புகார் கொடுத்தவர் நீதிமன்ற அவமதிப்பு வழக்குப் போட மறுபடி சேலத்திலிருந்து ரயிலேற வேண்டும். வக்கீல் பீஸ் தனி!

2024 டிசம்பர் 17-இல் உச்ச நீதிமன்றம், கட்டடம் அனுமதித்தபடி கட்டப்பட்டது என்பதற்கான பணி நிறைவுச் சான்று பார்த்த பிறகே மின்சாரம், குடிநீர் இணைப்புத் தர வேண்டும் என்றது. தவறாகச் சான்று கொடுத்த அதிகாரி மீது துறை நடவடிக்கை வேண்டும் என்றும் சொன்னது. எனக்கு இரண்டாவதில்தான் நம்பிக்கை. சிறு வீடுகளுக்கு இங்கே அந்தச் சான்றிலிருந்து விலக்கு இருப்பதால் முதலாவது பல தெருக்களை எட்டாது.

மாநகராட்சிகளுக்கு உத்தரவிடும் நீதிமன்றம், நிறைவேற்றிய அறிக்கையைத் தேதி குறித்துக் கேட்டுப் பெற்ற பிறகே வழக்கை முடிக்கட்டும். 80-ஏ மேல்முறையீடுகளை முடிக்க அரசும் கண்டிப்பான கெடு வைத்துக்கொள்ளட்டும்.

ஒரு வாசகர்,
செவ்வாய்ப்பேட்டை, சேலம்.