மீட்கும் கருவியையும் வெளியே வையுங்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

2025 செப்டம்பர் 26 அன்று தென்கொரியாவின் டேஜான் நகரில் உள்ள அரசு டேட்டா சென்டரில் லித்தியம் பேட்டரிகளை இடம் மாற்றும் வேலை நடக்கும்போது தீப்பிடித்தது. அரசு ஊழியர்கள் கோப்புகளைப் போட்டு வைத்திருந்த ஜி-டிரைவில் 858 டெராபைட் அழிந்தது, வெளியே அதற்குப் பிரதி இல்லை என்பதைப் பற்றித்தான் அப்போது எல்லோரும் பேசினார்கள். எனக்கு அதைவிட உறுத்தியது வேறு. நின்றுபோன கணினி அமைப்புகள் 647 என்று முதலில் அறிவித்தவர்கள், அக்டோபரில் அதை 709 என்று மாற்றினார்கள். எந்த அமைப்பு எங்கே ஓடுகிறது என்ற பட்டியலை வைத்திருந்த நிர்வாக மென்பொருளும் அதே தீயில் முடங்கிவிட்டதுதான் காரணம். அது எழுந்த பிறகுதான் சரியான கணக்கே தெரிந்தது.

கிளவுடில், அதாவது இணையம் வழியாக வாடகைக்கு எடுத்த சர்வர்களில், சேவை நடத்தும் நம் ஊர் நிறுவனங்களிலும் மீட்க உதவ வேண்டிய கருவியும் சேர்ந்தே விழும் இதே ஓட்டை இருக்கிறது, அதனால்தான் எழுதுகிறேன். பேக்கப் எடுக்கிறார்கள், சரி. மும்பையில் ஓடும் சர்வர்கள் விழுந்தால் ஹைதராபாத்தில் அதே மாதிரி எழுப்பத் தானாக ஓடும் கட்டளைத் தொகுப்பான ஸ்கிரிப்டும் எழுதி வைத்திருக்கிறார்கள், பெரும்பாலும் சர்வர்களை அமைக்கும் கருவியான டெராஃபார்மிலோ, பைத்தான் நிரல்மொழியில் போட்டோ3 (boto3) என்ற லைப்ரரியை வைத்தோ. ஆனால் அந்த ஸ்கிரிப்ட் தனியாக ஓடாது. அது ஒரு லைப்ரரியை, அதாவது பிறர் எழுதி வைத்த ஆயத்த நிரல் தொகுப்பைக் கூப்பிடும், அந்த லைப்ரரி இன்னும் நாலைந்தைக் கூப்பிடும், அவை எல்லாம் ஓடுகிற நேரத்தில் இணையத்திலிருந்து இறங்கும், எந்தப் பதிப்பு என்று யாரும் குறித்து வைத்திருக்க மாட்டார்கள். ஸ்கிரிப்ட் இருக்கும் களஞ்சியமும், அது கேட்கும் கடவுச்சொற்களும் பல நிறுவனங்களில் விழப்போகிற அதே கிளவுடில், அதே கணக்கில் கிடக்கின்றன.

பதிப்பு மாறினால் என்ன ஆகிவிடும் என்று கேட்பவர்கள் நிரல்களைச் சேமித்துப் பகிரும் தளத்தை நடத்தும் கிட்லேப் நிறுவனத்துக்கு 2017 ஜனவரி 31 அன்று நடந்ததைப் பார்க்க வேண்டும். ஓர் ஊழியர் தவறான சர்வரில் தரவுத்தள அடைவை அழித்துவிட்டார், அது யாருக்கும் நடக்கக்கூடியது. பேக்கப்பைத் தேடிப் போனால் பெட்டி காலி! போஸ்ட்கிரெஸ் என்ற தரவுத்தள மென்பொருளின் பதிப்பு 9.6, அதைப் பிரதி எடுக்கும் நிரலின் பதிப்போ 9.2, பதிப்பு பொருந்தாததால் ஒவ்வொரு முறையும் அது தோற்றுக்கொண்டே இருந்திருக்கிறது. தோல்வியைச் சொல்ல வேண்டிய மின்னஞ்சல்களும் வேறொரு அமைப்புக் கோளாறால் போய்ச் சேரவில்லை. சோதனைக்காக ஆறு மணி நேரத்துக்கு முன்பு தற்செயலாக எடுத்த ஒரு நகல்தான் அவர்களைக் காப்பாற்றியது. இவ்வளவையும் மறைக்காமல் பொதுவில் எழுதியதற்காக அந்த நிறுவனத்தின் மேல் எனக்கு இன்றும் மரியாதை உண்டு. லைப்ரரியே காணாமல் போவதும் நடந்திருக்கிறது. 2016 மார்ச்சில் லெஃப்ட்-பேட் என்ற 11 வரி நிரலை எழுதியவர் அதை, நிரலாளர்கள் லைப்ரரிகளைப் பகிரும் என்பிஎம் களஞ்சியத்திலிருந்து எடுத்துவிட்டதால், உலகம் முழுக்க எத்தனையோ மென்பொருள்களை உருவாக்கும் வேலை பாதியில் நின்றது.

செய்ய வேண்டியது பெரிய செலவில்லை. ஒவ்வொரு லைப்ரரியின் பதிப்பையும், கோப்பு மாறவில்லை என்று சரிபார்க்க உதவும் அதன் ஹேஷ் குறியோடு பூட்டி வையுங்கள். கோப்புகளை முன்கூட்டியே இறக்கித் தரவுப் பிரதியின் பக்கத்திலேயே, வேறு வட்டாரத்தில், வேறு கணக்கில் போடுங்கள். இப்படி இறக்கி வைக்க பைத்தானுக்கு பிப் டவுன்லோட் என்ற கட்டளை இருக்கிறது, டெராஃபார்முக்கு ப்ரோவைடர்ஸ் மிரர் என்ற கட்டளை இருக்கிறது, இரண்டும் இலவசம். அப்புறம் முக்கியமான வேலை: ஒரு காலி இயந்திரத்தில், வெளி இணையத்தைத் துண்டித்து, உங்கள் கிளவுடுக்குப் போகும் வழியை மட்டும் திறந்து வைத்து ஸ்கிரிப்டை ஓட்டிப் பாருங்கள். எது விடுபட்டிருக்கிறது என்று அதுவே சொல்லிவிடும். லைப்ரரியைப் பழைய பதிப்பிலேயே பூட்டி வைத்தால் பாதுகாப்புத் திருத்தங்கள் தவறிவிடுமே என்று சிலர் சொல்வார்கள். நியாயமான கவலைதான். அதற்குத்தான் ஒத்திகையை அடிக்கடி நடத்தி, ஒவ்வொரு முறையும் பதிப்பை உயர்த்திச் சோதித்துவிட்டு மறுபடி பூட்ட வேண்டும்.

ஒத்திகை நடைமுறைக்கு ஒத்துவராது என்று சொல்ல முடியாது. 2024 மார்ச் 2, சனிக்கிழமை, தேசியப் பங்குச் சந்தை தன் மாற்று மையத்துக்கு மாறி அங்கிருந்தே நிஜ வர்த்தகம் நடத்திக் காட்டியது. பணம் புழங்கும் சந்தைக்கே அது முடிகிறது. மறுபக்கம், 2022 நவம்பரில் டெல்லி எய்ம்ஸ் மருத்துவமனையின் சர்வர்கள், தரவைப் பூட்டிப் பணம் கேட்கும் ரான்சம்வேரால் முடங்கியபோது, ஊழியர்கள் நோயாளிப் பதிவு முதல் பரிசோதனை முடிவு வரை நாள்கணக்கில் கையால் எழுதினார்கள். அங்கே வரிசையில் நின்றவர்களை நினைத்தால் இன்னும் மனசு ஆறவில்லை.

மருத்துவமனைகள், கூட்டுறவு வங்கிகள், அரசுச் சேவைத் தளங்கள் இவற்றின் தணிக்கையில் பேக்கப் உள்ளதா என்ற கேள்விக்கு ஆம் என்று டிக் அடித்துவிட்டுப் போவதை நிறுத்த வேண்டும். கடைசியாக எந்தத் தேதியில், வெளி இணைய உதவி இல்லாமல், எத்தனை மணி நேரத்தில் முழுச் சேவையையும் மாற்று இடத்தில் எழுப்பினீர்கள் என்று கேட்டு, அந்தத் தேதியையும் நேரத்தையும் மக்கள் பார்க்கும்படி வெளியிடச் சொல்ல வேண்டும்.

இப்படிக்கு,
மென்பொருள் துறை வாசகர்,
கோயம்புத்தூர்.