ஸ்டோராரோவோட டிவி வேலைய விட்டுட்டீங்களே

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம். ஞாயிறு இணைப்புல இத்தாலி ஒளிப்பதிவாளர் விட்டோரியோ ஸ்டோராரோ பத்தி வந்த கட்டுரை படிச்சேன், ரொம்ப சந்தோஷம், ஆனா அபோகலிப்ஸ் நவ், ரெட்ஸ், தி லாஸ்ட் எம்பரர்னு மூணு ஆஸ்கரோட நிறுத்திட்டீங்க, டிவில அவர் செஞ்சது ஒரு வரி கூட இல்ல, அதுதான் மனசுக்கு கஷ்டமா இருந்துச்சு. 1975லயே இத்தாலி அரசு டிவியான ராய்க்காக ஆர்லாண்டோ ஃபூரியோசோ தொடருக்கு ஒளிப்பதிவு செஞ்சவர் அவர். அப்புறம் அமெரிக்க டிவிக்கு 1986ல பீட்டர் தி கிரேட், 2000ல ட்யூன் மினி சீரீஸ், இந்த ட்யூனுக்குதான் அமெரிக்க டிவியோட பெரிய விருதான எம்மியும் வாங்கினார். நான் அத டிவிடில பாத்தப்ப வில்லன் குடும்பமான ஹார்கோனன் ஆளுங்க வர்ற சீன் எல்லாம் செவப்புல முங்கி இருக்கும், வசனம் வர்றதுக்கு முன்னாடியே இது யார் வீடுன்னு தெரிஞ்சிடும், கலர வச்சே கதை சொல்றத சினிமால எவ்ளோ சீரியஸா செஞ்சாரோ அதே அளவு சின்னத்திரைக்கும் செஞ்சிருக்கார்.

இன்னொன்னு, தியேட்டருக்கும் டிவிக்கும் ஒரே ஃப்ரேம் இருக்கணும்னு 1998ல யூனிவிசியம்னு 2:1 அளவ (உயரத்த விட அகலம் ரெண்டு மடங்கு) முன்வெச்சவரே அவர்தான். அபோகலிப்ஸ் நவ் படத்தையே டிவிடிக்காக அந்த அளவுக்கு ஓரத்த வெட்டினது எனக்கு உடன்பாடில்ல, ஆனா இன்னிக்கு ஸ்ட்ரேஞ்சர் திங்ஸ் மாதிரி பல ஓடிடி சீரீஸ் வர்றது அதே 2:1லதான். அதனால அவரோட டிவி வேலைக்கும் அந்த 2:1 யோசனைக்கும் தனியா ஒரு பக்கம் ஒதுக்குங்க, பழைய தொடர்களோட ஸ்டில்ஸ கலர்லயே போடுங்க.

- ஒரு வாசகர்